இருநூறு மூட்டை மணிலாவும் மூன்று புட்டியும்

1

நலம் விசாரித்து ஆரம்பிக்கிற வழக்கத்தை இந்த முறை விட்டுவிடுகிறேன். செஞ்சியில் ஒரு வருடமாக யாரும் என் நலத்தை விசாரிக்கவில்லை. பினாங்கில் உட்கார்ந்து கோபத்தோடுதான் எழுதுகிறேன். படிக்கிறவர்களும் கோபத்தோடு படித்தால் எனக்கு ஆட்சேபணை இல்லை.

போன செவ்வாய்க்கிழமை தபாலில் ஒரு கல்யாணப் பத்திரிகை வந்தது. என் அண்ணன் தனகோட்டியின் மூத்த மகளுக்குக் கல்யாணம். நாலு மூலையிலும் மஞ்சள் தடவியிருந்தார்கள், கடல் தாண்டி வந்தும் அந்த வாசனை போகவில்லை. பெண் வீட்டார் பெயர்களை வரிசையாக அச்சடித்திருந்தார்கள். மாமன்மார் இருக்கிறார்கள். மேல்மலையனூர் அத்தை வீட்டுக்காரர் இருக்கிறார். பஸ் கம்பெனியில் டிக்கெட் கிழிக்கிற தூரத்துப் பங்காளிகூட இருக்கிறார். பெண்ணுக்கு ஒரே சித்தப்பன், பினாங்கு ஏழுமலை, அவன் பெயர் மட்டும் இல்லை. இரண்டு தடவை படித்தேன். பின்பக்கம் திருப்பியும் பார்த்தேன், பின்பக்கத்தில் அச்சாபீஸ் பெயர் இருந்தது.

என் மகள் கலா வந்து எட்டிப் பார்த்தாள். இங்கேயே பிறந்தவள், ஒன்பது வயது.

“இது யாரு கல்யாணம்பா?”

“உன் பெரியப்பா மகளுக்கு.”

“ஓ. எனக்கு அவங்களைத் தெரியாதே” என்று சொல்லிவிட்டு ஸ்கிப்பிங் கயிற்றை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அவளைக் குற்றம் சொல்ல முடியாது. அந்தப் பெரியப்பாவுக்கு இவளைத் தெரியுமா என்பதே எனக்குச் சந்தேகமாக இருக்கிறது.

என் மனைவி பச்சையம்மாள் அடுப்படியிலிருந்து கேட்டாள். “பேரு உட்டுட்டாங்களா?”

“ம்.”

“உடட்டும். பத்திரிக்கைல போட்டாதான் சித்தப்பனா?” என்றாள். அப்புறம் அன்றைக்கு முழுக்க ஏனங்களை நங்கு நங்கென்று வைத்தாள்.

என் பெயர் ஏன் விடுபட்டது என்று செஞ்சிக் கடைத்தெருவில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். பினாங்குக் கோர்ட்டில் ஏறி ஊர் மானத்தைக் கப்பலேற்றியவன் நான். இந்த வாரத்தோடு அதற்கு ஒரு வருடம் ஆகிறது. அதைப் பற்றிப் பேசுகிறவர்கள் எல்லோரும் பாதிக் கதையைக் கேட்டவர்கள். மீதியை ஊரார் எல்லோரும் படிக்கட்டும் என்று நான் எழுதுகிறேன்.

2

பினாங்குக்கு வந்து பன்னிரண்டு வருடம் ஆகிறது. இந்த நாட்டுக்கு மலேசியா என்று புதுப் பெயர் வந்து மூன்று வருடம்தான் ஆகிறது. செஞ்சியில் எங்களைப் பெற்ற நைனா வைத்த மணிலா மண்டியை அண்ணன் பார்த்துக்கொண்டார். ஒரு மண்டிக்கு இரண்டு தலை எதற்கு என்று நான் கப்பலேறினேன். நம் பக்கத்து முதலாளி ஒருவர் இங்கே சரக்குக் கிட்டங்கி வைத்து, ஊரிலிருந்து மிளகாய், மல்லி, மணிலா எல்லாம் வரவழைத்து விற்றார். அவரிடம் எழுத்து வேலைக்குச் சேர்ந்தேன். மணிலாக் கடலையைத்தான் நாம் மல்லாட்டை என்கிறோம், இங்கே கச்சாங் என்கிறார்கள். பெயர் எதுவானால் என்ன, வறுத்துப் பொட்டலம் கட்டினால் சீனர், மலாய்க்காரர், தமிழர் எல்லோரும் தின்கிறார்கள்.

முதலாளிக்கு மணிலா அனுப்பியவர் என் அண்ணன். ஏற்பாடு செய்தவன் நான். இதை மறைக்க எனக்கு விருப்பமில்லை.

முதலாளிக்கு ஒரு பிடிவாதம் உண்டு. உடைத்த பயிறு, அதாவது ஓடு நீக்கிய பருப்பு, முழுசாக இருக்க வேண்டும். இரண்டாகப் பிளந்ததையும் சிவப்புத் தோல் உரிந்ததையும் கண்டால் அவருக்கு ஆகாது. வறுக்கிறவர்கள் வாங்க மாட்டார்கள் என்பார். மூட்டைக்குள் கையை விட்டு அள்ளி, உடைந்ததைப் பொறுக்கி என் மேஜைமேல் போடுவார். “எழுது உங்க அண்ணனுக்கு” என்பார். நான் எழுதுவேன். ‘பயிறு உடையாமல் முழுசாக வர வேண்டியது. தவறினால் சரக்கு வேண்டியதில்லை.’ பதினோரு வருடத்தில் இந்த இரண்டு வரியை எத்தனை தடவை எழுதியிருப்பேன் என்று எனக்கே தெரியாது. அதை வாங்கிப் படிக்கிற கை என்ன செய்யும் என்று எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தும் எழுதினேன்.

இப்போது அந்த வேலை இல்லை. ஒரு சீனருடைய இரும்புக்கடையில் ஆணியும் கீலும் எடுத்துக் கொடுக்கிறேன். காலை ஏழு மணிக்கு சைக்கிளில் கிளம்பினால் பழைய கிட்டங்கி வழியாகத்தான் போக வேண்டும். அந்த இடம் வந்ததும் எதிர்ப்பக்கத்து ஓரமாகப் போகிறேன். ஆணியில் பூசணம் பிடிக்காது என்பது ஒரு நிம்மதி.

இரும்புக்கடை வேலை கிடைப்பதற்கு முன் வேலை பதிவு செய்யும் ஆபீசுக்கு நாலு தடவை நடந்தேன். படிவம் மூன்று பிரதி. ஒவ்வொன்றிலும் ‘முந்தைய வேலையை விட்ட காரணம்’ என்று ஒரு கட்டம். எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் ‘உண்மை சொன்னதற்காக’ என்று எழுதினேன். குமாஸ்தா படித்துப் பார்த்தார், என்னைப் பார்த்தார். அடித்துவிட்டு ‘சொந்த விருப்பம்’ என்று மூன்று பிரதியிலும் எழுதிக்கொண்டார். அவர் நல்லதற்குத்தான் செய்தார். ஆனாலும் வீட்டுக்கு வந்து சேருகிற வரைக்கும் அவரைத் திட்டிக்கொண்டே நடந்தேன்.

3

செஞ்சிக்காரர்களுக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை. வெளியூர்க்காரர்கள் படித்தால் தெரியட்டும் என்று எழுதுகிறேன்.

சிங்கவரம் பக்கத்துக் குடியானவர்கள் மல்லாட்டையைப் பிடுங்கி, வெயிலில் நன்றாகக் காயவைத்து வண்டியில் கொண்டுவருவார்கள். காய்ந்த காயை உடைக்கிற மிஷினில் அப்படியே போட்டால் ஓட்டோடு சேர்ந்து பருப்பும் உடையும். அதனால் முந்தின நாள் சாயங்காலம் காயைக் களத்தில் பரப்பி வாளி வாளியாகத் தண்ணீர் தெளிப்போம். மண்வெட்டியால் புரட்டிவிட்டு, ஈரச் சாக்கைப் போட்டு மூடுவோம். மறுநாள் காலையில் ஓடு பதமாக இருக்கும். மிஷினில் போட்டால் பருப்பு முத்து முத்தாக, தோல் கலையாமல் வந்து விழும். பார்க்க அழகாக இருக்கும். கொஞ்சம் எடையும் கூடும், அதையும் சொல்லிவிடுகிறேன்.

உடைத்த பிறகு இரண்டு நாள் நல்ல வெயிலில் காயவைத்துத்தான் மூட்டை கட்ட வேண்டும் என்று நைனா சொல்வார். ஐப்பசி, கார்த்திகையில் நல்ல வெயிலுக்கு எங்கே போவது? லாரி வந்து வாசலில் நிற்கும். டிரைவர் ஆரன் அடிப்பான். அரை நாள் காயும், சில சமயம் அதுவும் இல்லை. சாக்கில் அள்ளிப் போட்டுத் தைத்துவிடுவோம். அது மெட்ராஸ் போய், துறைமுகத்தில் கிடந்து, கப்பல் அடித்தட்டில் ஒரு வாரம் வெந்து இங்கே வரும்.

நான் ஊரில் இருந்த கடைசி வருடம். எங்கள் மண்டியில் பயிறு புடைக்கிற அஞ்சலை ஒரு கை அள்ளிக்கொண்டு என்னிடம் வந்தாள். பருப்பின் மேல் பச்சையாகத் தூள் மாதிரி படிந்திருந்தது.

“சின்ன மொதலாளி, இது பூசணம் புடிச்சிருக்குது. மோந்து பாரு, ஒரு மாதிரி அடிக்குது.”

“பொறுக்கிப் போட்டுட்டு மீதிய கட்டு.”

“இன்னாத்த பொறுக்கறது? ஒண்ணு பூத்தா பக்கத்துலயும் பூக்கும். திங்கறவன் கதி இன்னா ஆவறது?”

“லாரி நிக்குது அஞ்சல” என்றேன். அவ்வளவுதான் சொன்னேன். அவள் முறத்தை எடுத்துக்கொண்டு போனாள், மூட்டை லாரியில் ஏறியது.

இதைக் கள்ளத்தனம் என்று நாங்கள் நினைத்ததே இல்லை. எல்லா மண்டியிலும் செய்வதுதான். தின்கிறவன் முகம் தெரியாத வரைக்கும் அது வெறும் வேலை.

4

போன வருடத்துக்கு முந்தின மார்கழியில் அண்ணனுடைய சரக்கு இருநூறு மூட்டை வந்து இறங்கியது. துறைமுகக் கொட்டகையில் சுகாதார இன்ஸ்பெக்டர் ஒருவர், இளம் மலாய்க்காரர், ஒரு மூட்டையின் மேல் கையை வைத்தார். வெதுவெதுப்பாக இருந்தது போலிருக்கிறது. தையலைப் பிரிக்கச் சொல்லி முழங்கை வரை உள்ளே விட்டு அள்ளினார். காகிதத்தில் பரப்பி மூன்று பங்காகப் பிரித்தார். மூன்று கண்ணாடிப் புட்டியில் போட்டு நூல் கட்டி அரக்கு முத்திரை வைத்தார். ஒரு புட்டி சர்க்கார் கெமிஸ்டுக்கு. ஒன்று சரக்குக்காரருக்கு, அதாவது எங்களுக்கு. மூன்றாவது அவருடைய அலமாரிக்கு. சண்டை வந்தால் மூன்றாவதைப் பார்த்துக்கொள்ளலாம் என்பது சட்டம்.

சர்க்கார் கெமிஸ்டு எழுதினார்: பூசண நஞ்சு ஏறியது, மனிதர் தின்னத் தகாதது. இருநூறு மூட்டையையும் அழிக்க வேண்டும் என்று உத்தரவு வந்தது. முதலாளி எங்கள் புட்டியைச் சிங்கப்பூரில் ஒரு தனியார் கெமிஸ்டிடம் அனுப்பினார். அவர் எழுதினார்: நல்ல சரக்கு, குறை ஒன்றும் இல்லை. முதலாளி கோர்ட்டுக்குப் போனார்.

இரண்டு கெமிஸ்டும் பொய் சொல்லவில்லை. பாலில் தண்ணீர் கலந்திருந்தால் எந்தப் புட்டியிலும் ஒரே அளவாகத்தான் இருக்கும். கடலை அப்படி இல்லை. ஒரு பருப்பு கெட்டிருக்கும், அதை ஒட்டிக் கிடக்கிற பருப்பு நன்றாக இருக்கும். கெட்ட நாலு பருப்பு எந்தப் புட்டியில் விழுந்ததோ அந்தப் புட்டி கெட்டது. மூன்றாவது புட்டியையும் கோர்ட்டு பார்க்கச் சொன்னது. ‘கொஞ்சம் இருக்கிறது, திட்டமாகச் சொல்வதற்கில்லை’ என்று பதில் வந்தது. பாலுக்கு எழுதின சட்டத்தை வைத்துக்கொண்டு மல்லாட்டையை விசாரித்தால் வேறென்ன வரும்?

எனக்குக் கோபம் வருவது இங்கேதான். ஏழு மாதம் வழக்கு நடந்தது. அரக்கு சரியாக ஒட்டியிருந்ததா என்று ஒரு நாள். நூலில் எத்தனை முடிச்சு என்று ஒரு நாள். புட்டியைக் கட்டும்போது சரக்குக்காரர் எதிரில் இருந்தாரா என்று இரண்டு நாள். முதலாளி அப்போது டீ குடிக்கப் போயிருந்தார், எதிரில் நின்றவன் நான். அப்படியானால் நான் சரக்குக்காரனா இல்லையா என்று அரை நாள். ஒரு மூட்டையில் எடுத்ததை வைத்து மற்ற நூற்றுத் தொண்ணூற்றொன்பதை எப்படிக் குற்றம் சொல்லலாம் என்று எங்கள் வக்கீல் கேட்டார். நியாயமான கேள்விதான். அப்படியானால் மற்றவற்றையும் பிரித்துப் பார்ப்போம் என்று ஒரு மனிதர், ஒரே ஒரு மனிதர், சொல்லவில்லை. மூட்டைகள் எங்கள் கிட்டங்கியில் சர்க்கார் பூட்டுக்குள்ளே கிடந்தன. கதவு இடுக்கு வழியாக வாசனை வந்துகொண்டே இருந்தது. அந்த வாசனைக்கு மட்டும் கோர்ட்டில் இடமில்லை.

5

ஒரு நாள் முதலாளி என்னைக் கிட்டங்கி வாசலில் கூப்பிட்டார்.

“ஏழுமல, நீ செஞ்சிக்காரன். சாட்சிக் கூண்டுல ஏறிச் சொல்லு. வெயில்ல காயவெச்ச காய அப்டியே மிஷின்ல போட்டு ஒடைக்கறோம்னு சொல்லு. அவ்ளோதான்.”

“தண்ணி தெளிக்கறது?”

“தண்ணிய பத்தி எவன் கேக்கப்போறான்?”

“கேட்டா?”

“கேட்டா இல்லன்னு சொல்லு. இன்னாடா யோசிக்கற? உங்க அண்ணன் சரக்குடா அது. உங்க அண்ணன் வயித்துல நீயே அடிப்பியா?”

நான் தலையை ஆட்டினேன். சரி என்றா, இல்லை என்றா என்று எனக்கே விளங்கவில்லை.

சாட்சிக்குப் போகிற நாள் காலையில் பச்சையம்மாள் கலாவுக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தாள். அவள் சிங்கவரத்துக் குடியானவர் வீட்டுப் பெண். என் மண்டி வீட்டுக்கு வாழ்க்கைப்பட்ட நாளிலிருந்து அவளுக்கு ஒரு குறை மனதில் கிடந்தது, அன்றைக்கு வெளியே வந்தது.

“இன்னா சொல்லப்போறீங்க?”

“தெரியல.”

“எங்க நைனா காய காதுகிட்ட வெச்சி குலுக்கிப் பாப்பாரு. கலகலன்னு சத்தம் வந்தாதான் மூட்ட கட்டுவாரு. நாங்க காயவெச்சி குடுப்போம், உங்க மண்டில அத வாங்கி நனைப்பீங்க. இப்ப கோர்ட்டுல போயி சுத்தம்னு சொல்லுவீங்களா?”

“அண்ணன் மண்டி போயிடும் பச்ச. என் வேலயும் போயிடும்.”

“போவும். அந்த மூட்டைங்க வெளிய வந்தா எங்க போவும்? வறுக்கறவன் கிட்ட போவும். அவன் எங்க கொண்டாந்து விக்கறான்? இவ பள்ளிக்கூடத்து வாசல்ல.” பின்னலை இறுக்கிக் கட்டினாள். கலா “ஆ” என்றாள்.

கோர்ட்டில் எனக்கு இங்கிலீஷ் போதாது என்று மொழிபெயர்க்க ஒருவரை வைத்திருந்தார்கள். யாழ்ப்பாணத்துக்காரர், வெள்ளைக் கால்சட்டை, மரியாதையான மனிதர். எங்கள் வக்கீல் கேட்டதற்கெல்லாம் சொன்னேன். காய் எங்கிருந்து வருகிறது, மிஷின் எப்படி ஓடுகிறது என்றெல்லாம் கேட்டார். பிறகு சர்க்கார் தரப்பு அதிகாரி எழுந்தார். ஒல்லியான மனிதர். கையில் காகிதம்கூட இல்லை.

உடைப்பதற்கு முன்னால் காயில் தண்ணீர் படுவது உண்டா என்றார்.

முதலாளி என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் அவரைப் பார்க்காமல் மேலே சுற்றிய மின்விசிறியைப் பார்த்தேன். “உண்டு. முந்தின நாள் தெளிப்போம்” என்றேன்.

எதற்கு?

“பயிறு உடையாமல் முழுசாக வருவதற்கு.”

முழுசாக வர வேண்டும் என்று யார் கேட்டது?

“இங்கேயிருந்து கடிதம் போகும்.”

யார் எழுதுவது?

“நான்தான்.”

மொழிபெயர்ப்பாளர் என் பக்கம் குனிந்தார். “தம்பி, இதை அப்பிடியே சொல்லட்டோ?” என்று மெதுவாகக் கேட்டார். சொல்லுங்கள் என்றேன். சொன்னார். மாஜிஸ்திரேட்டு பேனாவை எடுத்தார். எனக்கு உள்ளுக்குள் ஒரு பாரம் இறங்கினது மாதிரி இருந்தது. இத்தனை மாதத்துக்குப் பிறகு யாரோ ஒருவர் கடலையைப் பற்றிப் பேசியாயிற்று என்று நினைத்தேன்.

எங்கள் வக்கீல் எழுந்தார். செஞ்சியை விட்டு வந்து எத்தனை வருடம் என்று கேட்டார். பதினோரு வருடம் என்றேன். இந்த இருநூறு மூட்டைக்குத் தண்ணீர் தெளித்ததை உன் கண்ணால் பார்த்தாயா என்றார். இல்லை என்றேன். வேறு கேள்வி இல்லை என்று உட்கார்ந்துவிட்டார்.

நான் சொன்னதைக் கணக்கில் எடுத்துக்கொள்வதற்கில்லை என்று மாஜிஸ்திரேட்டு சொன்னார். எடுத்த பேனாவை மூடி வைத்தார். என் வேலை, என் அண்ணன், என் ஊர் எல்லாவற்றையும் பணயம் வைத்து நான் சொன்ன உண்மை ஒரு டீ ஆறுகிற நேரம்கூடத் தாங்கவில்லை.

இரண்டு வாரம் கழித்துத் தீர்ப்பு வந்தது. மாதிரி எடுத்த முறை சட்டப்படி இல்லை. அழிக்கும் உத்தரவு செல்லாது. சரக்கைத் திருப்பிக் கொடுக்க வேண்டியது. முதலாளி எல்லோருக்கும் லட்டு கொடுத்தார், எனக்கும் ஒன்று கொடுத்து நாளைக்கு வர வேண்டாம் என்றார். மூன்றே நாளில் இருநூறு மூட்டையும் வெளியே போனது. எதிர்ப்பக்கத்து நடைபாதையில் நின்று பார்த்தேன். கை வண்டியிலும் லாரியிலும் ஏற்றிக்கொண்டு போனார்கள். யாரையும் நிறுத்த என்னால் முடியவில்லை.

அன்றைக்கு கலா பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் கேட்டாள், “அப்பா, நம்ம ஜெயிச்சோமா?”

வாசலில் விற்கிற கச்சாங் வாங்கித் தின்னக் கூடாது என்று அவளை அதட்டினேன். ஏன் என்றாள். ஓர் அறை வைத்தேன். அவளை அடித்தது அந்த ஒரு தடவைதான். அன்றிலிருந்து அவள் என்னிடம் பாதி விஷயங்களை இங்கிலீஷில் சொல்கிறாள், மீதியைச் சொல்வதே இல்லை.

6

அண்ணன் கடிதம் வந்தது. அதை அப்படியே எழுதுகிறேன், அவரும் படிக்கட்டும்.

‘கோர்ட்டில் ஜெயிச்ச பிறகும் உன் மொதலாளி என் சரக்கு வேணாம்னு எழுதிட்டார். நீ கோர்ட்டில் சொன்னது அப்புறம் பரவிப் போயி, செஞ்சின்னு மூட்டை மேலே பேர் இருந்தா இப்ப அங்க எவனும் தொட மாட்டேங்கறானாம். உன்னை யார்றா கேட்டது தண்ணியைப் பத்தி? எல்லா மண்டியிலும் தெளிக்கறதுதானே? நைனா வச்ச மண்டியை நான் பூட்டலை. நீ அங்க உக்காந்துகிட்டு பூட்டிட்டே.’

இது முதல் பக்கம். நியாயம்தான், திட்டுவதற்கு அவருக்கு உரிமை உண்டு. அவர் மகளுக்கு வரன் பார்த்துக்கொண்டிருந்த சமயம் அது. படித்துவிட்டு அழுதேன். பிறகு காகிதத்தைத் திருப்பினேன்.

‘இங்க மழை இல்லை. அரிசி கிடைக்கலை. ரேஷனில் செவப்புச் சோளம் போடறான், கப்பலில் வந்ததாம். புழு நெளியுது. கழுவக் கழுவ நாத்தம் போவல. உங்க அண்ணிக்கு நாலு நாளா வயிறு சரியில்லை. மனுசன் திங்கறதை இப்படியா அனுப்புவான்? எவன் டெஸ்ட் பண்ணி அனுப்பறான்னே தெரியல. கேக்கறதுக்கு ஆள் இல்லை.’

ஒரே காகிதம். ஒரே பேனா. முன்பக்கத்துக்கும் பின்பக்கத்துக்கும் நடுவே அவர் ஒரு தடவைகூட நின்று யோசிக்கவில்லை. எனக்கு அழுகை நின்று கோபம் வந்தது. அந்தக் கோபம்தான் இன்றைக்கு வரைக்கும் இருக்கிறது. ‘அண்ணா, உன் கடிதத்தை நீயே ஒரு தடவை திருப்பிப் படி’ என்று ஒரு வரி எழுதிப் போட்டேன். பதில் இல்லை. கல்யாணப் பத்திரிகைதான் பதில்.

ரேஷன் கடை வரிசையில் நின்று கப்பல் சோளத்தைத் திட்டுகிறீர்களே, உங்களைத்தான் கேட்கிறேன். அங்கே எங்கோ ஒரு துறைமுகத்தில் அந்தச் சோளத்தை மூட்டை கட்டினவனும் ‘லாரி நிக்குது’ என்றுதான் சொல்லியிருப்பான். அவன் ஊரிலும் ஒருவன் உண்மையைச் சொன்னால் அவன் பெயரைப் பங்காளிகள் கல்யாணப் பத்திரிகையில் போடாமல் விட்டுவிடுவார்கள். கப்பலில் வருவதை நாம் தின்றால் சோதனை வேண்டும். கப்பலில் போவதை எவனோ தின்றால் ஊர் மானம் பெரிது. இது என்ன நியாயம் என்று எனக்குப் புரியவில்லை. இங்கே என்னோடு பழகிய வக்கீல் குமாஸ்தா ஒருவரிடம் கேட்டேன். சட்டத்தில் அதற்குப் பதில் இல்லை என்றார்.

என்னையும் நான் விட்டுவிடவில்லை. அஞ்சலை கேட்டபோதே எனக்கு விளங்கியிருக்க வேண்டும். பதினோரு வருடம் கடிதம் எழுதிவிட்டு, ஒரு நாள் கூண்டில் ஏறி உண்மை பேசியதால் நான் யோக்கியன் ஆகிவிட மாட்டேன்.

7

இதை எழுதி முடித்து உறையில் போட்டு ஒட்டுவதற்குள் ஒன்று நடந்தது. அதனால் இந்தப் பகுதி.

ஞாயிற்றுக்கிழமை கப்பலில் சின்னசாமி வந்து இறங்கினார். பச்சையம்மாளுக்குச் சித்தப்பா முறை. பினாங்கில் வேலை பார்க்கிற மகனைப் பார்க்க வந்தவர், நேராக எங்கள் வீட்டுக்கு ஒரு துணிப்பையோடு வந்தார். துறைமுகத்தில் அந்தப் பையை யாரும் பிரித்துப் பார்க்கவில்லையாம்.

“உங்க அண்ணன் பஸ் ஸ்டாண்டு வரைக்கும் வந்து குடுத்தாரு மாப்ள. ‘யார் குடுத்தான்னு சொல்லாத’ன்னாரு. சொல்லாம நான் எப்டி குடுக்கறது?”

பையைப் பிரித்தேன். மல்லாட்டைப் பயிறு. நாலு படி இருக்கும். பாதிக்குப் பாதி உடைந்து, தோல் உரிந்து, பார்வைக்கு ஒன்றுக்கும் உதவாத சரக்கு. என் பழைய முதலாளி பார்த்திருந்தால் அள்ளி என் மேஜைமேல் வீசியிருப்பார்.

“இன்னா சொன்னாரு?” என்று கேட்டேன்.

“‘பாப்பாவுக்கு’ன்னாரு. ‘வூட்டுக்குன்னு ஒதுக்கி வெச்சது, தண்ணி படாதது, தைரியமா திங்கச் சொல்லு’ன்னாரு. அப்புறம் பஸ் கெளம்பிடுச்சி.”

பச்சையம்மாள் என் முகத்தைப் பார்த்தாள். சின்னசாமிக்கு ஒன்றும் புரியவில்லை, டீயைக் குடித்துக்கொண்டிருந்தார்.

இதுவரைக்கும் உங்களிடம் சொல்லாத ஒன்றை இப்போது சொல்கிறேன். கோர்ட்டிலும் சொல்லவில்லை, யாரும் கேட்கவில்லை. மண்டி வைத்திருக்கிற ஒவ்வொரு வீட்டிலும் வீட்டுக்கு என்று ஒரு மூட்டைக் காய் ஒதுக்குவோம். அதில் ஒரு சொட்டுத் தண்ணீர் தெளிக்க மாட்டோம். வீட்டுப் பெண்கள் கையால் உடைப்பார்கள். உடைந்தால் உடையட்டும், யாருக்குக் காட்டப் போகிறோம்? நைனா காலத்திலும் அப்படித்தான். ஏன் என்று நான் கேட்டதில்லை. கேட்க வேண்டிய அவசியமே இல்லாதபடி எல்லோருக்கும் தெரிந்திருந்தது. நைனாவுக்குத் தெரியும், அண்ணனுக்குத் தெரியும், எனக்கும் தெரியும்.

மூன்று புட்டியும் இரண்டு கெமிஸ்டும் ஏழு மாதமும் தேவையில்லை. அந்த ஒல்லியான அதிகாரி ஒரே ஒரு கேள்வி கேட்டிருந்தால் போதும். ‘இந்த மூட்டையிலிருந்து எடுத்து உன் மகளுக்குக் கொடுப்பாயா?’ என்று கேட்டிருந்தால் போதும்.

கலா வந்து பைக்குள் கையை விட்டு ஒரு பிடி அள்ளினாள். வாயில் போடுவதற்கு முன்னால் ஒரு தடவை என்னை நிமிர்ந்து பார்த்தாள். அந்த அறை அவளுக்கு ஞாபகம் இருக்கிறது.

“தின்னு, இது நம்ம வீட்டுக்கு வெச்சது” என்றேன்.

“அப்ப மத்தது?” என்று கேட்டாள்.